நுங்கம்பாக்கத்தில் இருந்து கிரகம் கண்டவர்

சென்னையில் மழை பெய்தால், நுங்கம்பாக்கத்தில் இத்தனை சென்டி மீட்டர் என்று பத்திரிகைகளில் செய்தி வரும். அந்த வானிலை நிலைய வளாகத்தில் பழைய கருங்கல் தூண் ஒன்று நிற்கிறது. கிழக்கிந்திய கம்பெனி 1792-ம் ஆண்டு கட்டிய வான ஆராய்ச்சிக் கூடத்தின் மிச்சம் அது.

அந்தக் கூடத்தில் 30 ஆண்டுகள் உழைத்தவர் நார்மன் ராபர்ட் போக்சன். பிழைப்புக்காகக் கடல் கடந்து வந்த ஆங்கிலேயர். சென்னையிலேயே உயிரை விட்டவர். அவர் இங்கிருந்து கண்டுபிடித்த 5 சிறு கிரகங்கள் இன்றும் சூரியனைச் சுற்றிக் கொண்டிருக்கின்றன.

பின்னலாடை வியாபாரியின் மகன்

போக்சன் 1829-ம் ஆண்டு மார்ச் 23-ந் தேதி இங்கிலாந்தில் நாட்டிங்காம் நகரில் பிறந்தார். தந்தை பின்னலாடைத் தொழில் செய்தவர். மகனும் வியாபாரத்துக்கு வரவேண்டும் என்று விரும்பினார். மகனுக்கோ கணக்கில்தான் ஆசை. 16 வயதில் பள்ளிப் படிப்பு முடிந்தது. கல்லூரி வாசலை அவர் மிதிக்கவில்லை. ஆனால் 18 வயதிலேயே வால் நட்சத்திரங்களின் பாதையைக் கணக்கிட்டுக் காட்டினார்.

லண்டனில் ஒரு தனியார் ஆராய்ச்சிக் கூடத்தில் முதலில் வேலை கிடைத்தது. 1852-ல் ஆக்ஸ்போர்டு ராட்கிளிப் ஆராய்ச்சிக் கூடத்தில் உதவியாளர் ஆனார். அங்கேதான் அவருடைய பெயர் வெளியே தெரிந்தது.

நட்சத்திரங்களை அவற்றின் ஒளியைக் கொண்டு ஆறு வகுப்பாகப் பிரிப்பது பழைய வழக்கம். ஒரு வகுப்புக்கும் அடுத்த வகுப்புக்கும் எவ்வளவு வித்தியாசம் என்பதில் ஆளுக்கு ஒரு கணக்கு இருந்தது. முதல் வகுப்பு நட்சத்திரம் ஆறாம் வகுப்பைப் போல் 100 மடங்கு ஒளி உள்ளது, ஆகவே வகுப்புக்கு வகுப்பு ஒளி 2.512 மடங்கு என்று போக்சன் 1856-ல் வரையறுத்தார். உலகம் முழுவதும் இன்றைக்கும் இந்த அளவைத்தான் பயன்படுத்துகிறார்கள்.

அதே ஆண்டு மே மாதம் ஒரு சிறு கிரகத்தைக் கண்டுபிடித்தார். அதற்கு ஐசிஸ் என்று பெயர் வைத்தார்கள். அவருடைய மகளின் பெயரும் அதுவே.

சென்னைக்கு வந்தார்

செவ்வாய்க்கும் வியாழனுக்கும் நடுவே லட்சக்கணக்கான பாறைகள் சூரியனைச் சுற்றுகின்றன. இவைதான் சிறு கிரகங்கள். குறுங்கோள்கள் என்றும் சொல்வார்கள். டெலஸ்கோப்பில் பார்த்தால் நட்சத்திரம் போலவே ஒரு புள்ளியாகத் தெரியும். நட்சத்திரம் இருந்த இடத்திலேயே இருக்கும். குறுங்கோள் மட்டும் இரவுக்கு இரவு கொஞ்சம் நகர்ந்திருக்கும். ஆகவே வானத்தில் ஒரு பகுதியை வரைபடத்தோடு ஒப்பிட்டு, புதிய புள்ளி உண்டா என்று பார்க்க வேண்டும். போட்டோ எடுத்துத் தேடும் முறை அப்போது வரவில்லை. கண்ணும் பொறுமையும்தான் கருவி.

சென்னை ஆராய்ச்சிக் கூடத்துக்கு அரசாங்க வானியல் அறிஞராகப் போக்சன் நியமிக்கப்பட்டார். 1861 பிப்ரவரியில் குடும்பத்தோடு வந்து சேர்ந்தார். இரண்டே மாதத்தில், ஏப்ரல் 17-ந் தேதி, ஒரு குறுங்கோளைக் கண்டுபிடித்தார். ஆசியாக் கண்டத்தில் இருந்து கண்டுபிடிக்கப்பட்ட முதல் குறுங்கோள் அது. ஆகவே ஆசியா என்றே பெயர் சூட்டினார். 1864-ல் சாப்போவும், 1866 மே 16-ந் தேதி சில்வியாவும், 1868 நவம்பர் 17-ந் தேதி கமில்லாவும், 1885-ல் வேராவும் அவர் கண்ணில் பட்டன.

வேலை குவிந்தது

கிரகம் தேடுவது மட்டும் அவர் வேலை அல்ல. நட்சத்திரங்களின் இடத்தைத் துல்லியமாக அளந்து பட்டியல் போடுவதுதான் முக்கிய வேலை. இது 1862-ல் தொடங்கி 1887 வரை நடந்தது. 5 ஆயிரத்துக்கும் அதிகமான நட்சத்திரங்கள் அளக்கப்பட்டன. நேரம் கணித்துச் சொல்வதும் அவர் பொறுப்பு. இந்தியாவில் ரயில்கள் சென்னை நேரப்படி ஓடிய காலம் அது.

இத்தனைக்கும் உதவியாளர்கள் மிகச் சிலரே. அவர்களில் சிந்தாமணி ரகுநாதாச்சாரி குறிப்பிடத்தக்கவர். ஒளி கூடிக் குறையும் நட்சத்திரம் ஒன்றை 1867-ல் கண்டுபிடித்தவர். மகள் ஐசிசும் 1873-ல் தந்தையிடம் உதவியாளராகச் சேர்ந்தார். 25 ஆண்டுகள் அங்கே வேலை பார்த்தார். லண்டன் ராயல் வானியல் சங்கத்தில் உறுப்பினராக 1886-ல் அவர் பெயர் முன்மொழியப்பட்டது. பெண் என்பதால் இடம் கிடைக்கவில்லை. 1920-ல்தான் கிடைத்தது.

1868-ல் முழுச் சூரிய கிரகணத்தைக் காண போக்சன் மசூலிப்பட்டினம் போனார். 1871 கிரகணத்துக்குக் கோவை பக்கம் அவினாசிக்கு வந்தார். 1872-ல் ஜெர்மனியில் இருந்து ஒரு தந்தி வந்தது. குறிப்பிட்ட திசையில் வால் நட்சத்திரம் தெரிகிறதா பார் என்பது செய்தி. மேகம் விலகிய நேரம் பார்த்தார். அங்கே ஒரு வால் நட்சத்திரம் இருந்தது.

வீட்டில் துக்கமும் வந்தது. 11 பிள்ளைகளைப் பெற்ற மனைவி 1869-ல் காலமானார். 1883-ல் போக்சன் மறுமணம் செய்து கொண்டார்.

பார்த்ததை எழுதி வைத்தாரே தவிர, அச்சுக்குக் கொடுக்க முடியவில்லை. கணக்குகள் மலை போலக் குவிந்தன. இது இங்கிலாந்தில் அவருக்குக் குறையாகவே பேசப்பட்டது. நட்சத்திரப் பட்டியலின் முதல் தொகுதி 1887-ல்தான் வெளிவந்தது. எல்லாத் தொகுதிகளையும் பார்க்க அவருக்கு ஆயுள் இல்லை. 1891 ஜூன் 23-ந் தேதி, 62-வது வயதில், சென்னையில் காலமானார். பின்னால் வந்த மிக்கி ஸ்மித் மீதி வேலையை முடித்தார். 1899-ல் வான ஆராய்ச்சி கொடைக்கானலுக்குப் போய்விட்டது.

கரிக்கல்லும் குடும்பமும்

போக்சன் டெலஸ்கோப்பில் சில்வியா வெறும் ஒரு புள்ளி. அது என்ன என்பது மெள்ள மெள்ளத்தான் தெரிய வந்தது.

சில்வியா சுமார் 270 கிலோ மீட்டர் அகலம் உள்ள பாறை. சூரியனில் இருந்து சராசரியாக 52 கோடி கிலோ மீட்டர் தூரத்தில் இருக்கிறது. ஒரு முறை சுற்றிவர ஆறரை ஆண்டு ஆகிறது. நிறம் அடுப்புக்கரி போல. தன்மேல் விழும் வெளிச்சத்தில் நூற்றில் 5 பங்கு அளவுக்கே திருப்பி அனுப்புகிறது. கார்பன் அதிகம் கலந்த பழைய பொருள் என்று கருதுகிறார்கள். சூரிய மண்டலம் உண்டான காலத்துச் சரக்கு. அளவுக்குத் தகுந்த கனமும் இல்லை. உடைந்த கற்கள் சேர்ந்து உள்ளே இடைவெளி விட்டுக் கிடக்கும் குவியலாக அது இருக்கலாம்.

2001-ல் சில்வியாவைச் சுற்றும் ஒரு நிலாவைக் கண்டார்கள். 2004-ல் தென் அமெரிக்காவின் சிலி நாட்டில் எடுத்த படங்களில் இரண்டாவது நிலா அகப்பட்டது. இரண்டு நிலா உள்ள குறுங்கோள் என்று தெரிந்த முதல் குறுங்கோள் சில்வியாவே. ரோமாபுரிக் கதையில் ரியா சில்வியா பெற்ற இரட்டைப் பிள்ளைகள் ரோமுலஸ், ரெமஸ். அந்தப் பெயர்களையே நிலாக்களுக்கு வைத்தார்கள்.

பெரிய பாறை ஒன்று மோதலில் சிதறினால், துண்டுகள் ஏறக்குறைய ஒரே பாதையில் சுற்றி வரும். இப்படிப்பட்ட கூட்டங்கள் ஒரு தாய் வயிற்றுக் குடும்பங்கள் என்று ஜப்பானிய அறிஞர் ஹிரயாமா 1918-ல் எடுத்துச் சொன்னார். சில்வியாவுக்கும் அப்படி ஒரு குடும்பம் இருப்பதை 2010-ல் ஆராய்ச்சியாளர்கள் காட்டினார்கள். சிறு பாறைகள் பல அதன் பாதையை ஒட்டியே செல்கின்றன. எப்போதோ பட்ட அடியில் தெறித்த துண்டுகள் அவை.

கமில்லாவும் அதே வட்டாரத்தில் சுற்றும் கரிய பாறைதான். அதற்கும் இரண்டு நிலாக்கள் உண்டு. இரண்டாவது நிலா 2016-ல் வெளியே தெரிந்தது. ஆனால் குடும்பம் தென்படவில்லை. முன்பு இருந்து, பெரிய கிரகங்கள் இடம் மாறிய காலத்தில் அது கலைந்து போயிருக்கலாம் என்று கருதுகிறார்கள்.

1968-ல் கண்டுபிடிக்கப்பட்ட 1830-வது எண் குறுங்கோளுக்கு போக்சன் பெயர் சூட்டப்பட்டது. நுங்கம்பாக்கத்தில் அவர் அமர்ந்து பார்த்த கட்டடம் இன்று இல்லை. ஆனால் சில்வியாவும் கமில்லாவும் கண்டுபிடிக்கப்பட்ட இடம் எது என்று உலகப் பதிவேட்டைப் புரட்டினால், சென்னை என்றே எழுதியிருக்கும்.