தோரு தத்: பிரெஞ்சு மொழியில் நாவல் எழுதிய கொல்கத்தா பெண்

கொல்கத்தா: இந்தியர் ஒருவர் பிரெஞ்சு மொழியில் எழுதிய முதல் நாவலாகக் கருதப்படும் நூல் 1879-ஆம் ஆண்டு பாரிஸில் வெளியானது. அதை எழுதிய தோரு தத் அச்சான நூலைக் காணவில்லை. இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே, 21 வயதில் கொல்கத்தாவில் அவர் காலமாகியிருந்தார்.

கொல்கத்தாவின் ராம்பாகான் பகுதியில் 1856 மார்ச் 4-ஆம் தேதி பிறந்தவர் தோரு. தந்தை கோவிந்த சந்திர தத்தும் கவிஞரே. 1865-இல் அண்ணன் அப்ஜு இறந்தார். 1869-இல் ஆரு, தோரு என்ற இரு மகள்களுடன் பெற்றோர் ஐரோப்பாவுக்குக் கப்பலேறினர்.

தென் பிரான்ஸின் நீஸ் நகரில் சகோதரிகள் சில மாதங்கள் பள்ளி சென்றனர். அங்கு ஊன்றிய பிரெஞ்சுப் பற்று இறுதிவரை தோருவை விட்டு அகலவில்லை. பின்னர் இங்கிலாந்தில் வசித்த குடும்பம் 1873-இல் தாயகம் திரும்பியது. மறு ஆண்டே காசநோய் ஆருவைப் பறித்தது.

தனித்து நின்ற தோரு மொழிபெயர்ப்பில் மூழ்கினார். விக்டர் ஹியூகோ உள்ளிட்ட பிரெஞ்சுக் கவிஞர்களின் படைப்புகளை ஆங்கிலத்தில் பெயர்த்து, 1876-இல் பவானிபூரிலுள்ள ஓர் அச்சகத்தில் நூலாக வெளியிட்டார். அறுவடை முடிந்த வயலில் பொறுக்கிய கதிர்க்கட்டு என்னும் பொருள்பட அதற்குப் பெயரிட்டார். மறைந்த அக்காள் பெயர்த்த கவிதைகளையும் அதில் சேர்த்தார். முன்னுரையோ விளம்பரமோ இல்லாத அந்த எளிய நூலை லண்டனில் விமர்சகர் எட்மண்ட் காஸ் பாராட்டி எழுதினார்.

தந்தையுடன் சமஸ்கிருதமும் பயின்றுவந்த தோருவை அதே காசநோய் 1877 ஆகஸ்ட் 30-ஆம் தேதி பலிகொண்டது. மகளின் தாள்களிடையே பிரெஞ்சு நாவலின் கையெழுத்துப் பிரதியைத் தந்தை கண்டெடுத்தார். செல்வி தார்வேர் என்னும் இளம்பெண்ணின் நாட்குறிப்பாக அமைந்த கதை அது. கடிதம் வழியே மட்டும் தோருவை அறிந்திருந்த பிரெஞ்சு எழுத்தாளர் கிளாரிஸ் பாதெர் அதற்கு முன்னுரை எழுதினார்.

சாவித்திரி, சீதை, துருவன் கதைகளைப் பாடும் அவரது ஆங்கிலக் கவிதைத் தொகுப்பு 1882-இல் லண்டனில் வெளிவந்தது. உடன்பிறந்தோருடன் விளையாடிய சவுக்கு மரத்தை நினைத்து அவர் எழுதிய கவிதையும் அதில் உண்டு. தமிழ்நாட்டின் 12-ஆம் வகுப்பு ஆங்கிலப் பாடநூலில் இடம்பெற்றது அக்கவிதையே. கொல்கத்தாவின் மாணிக்தலா கிறிஸ்தவக் கல்லறைத் தோட்டத்தில் தோரு துயில்கிறார்.