சாவே தாதா சரித்திரச் சுருக்கம்

உதகை, குன்னூர் முதலிய நீலகிரி ஊர்களில் வாழும் நம்மவர் மணவிழாவையும் மாரியம்மன் திருவிழாவையும் சலனப்படம் பிடித்து வைப்பது இக்காலத்தில் சர்வசாதாரணம். ஆயினும் நம் பாட்டனார் காலத்துச் சந்தைநாளோ, கொழுந்து மூட்டையுடன் நிறுவைக்கு நின்ற தேயிலைத் தோட்டப் பெண்களின் வரிசையோ நம் வீடுகளில் எப்படத்திலும் இல்லை. இக்குறையை எண்ணுந்தோறும் பம்பாய் நகரத்துப் பெரியார் ஒருவர் நம் நினைவில் எழுகிறார்.

ஹரிச்சந்திர சகாராம் பாட்வடேகர் என்பது அவர் பெயர். மராத்தியர் அவரை அண்ணன் என்னும் பொருளில் தாதா என்று அழைத்தனர். 1868-ம் வருஷம் பிறந்த அவர் பம்பாயில் போட்டோத் தொழில் நடத்தி வந்தார். 1896-ம் வருஷம் ஜூலை மாதம் 7-ந் தேதி பிரெஞ்சு தேசத்து லூமியேர் சகோதரரின் ஆறு சிறு படங்கள் அந்நகரத்து வாட்ஸன் ஹோட்டலில் காட்டப்பட்டன. கட்டணம் ஒரு ரூபாய். ரயில் வந்து நிற்பதும், தொழிலாளர் ஆலையினின்று வெளிப்படுவதுமே காட்சிகள், கதை யாதுமில்லை. நகரத்தார் வியந்ததோடு நின்றனர். சாவே தாதாவோ அவ்வித்தையைத் தாமே பயிலத் துணிந்து, சீமையினின்று 21 கினி விலையில் படக்கருவி ஒன்றைத் தருவித்தார்.

1899-ம் வருஷம் ஹாங்கிங் கார்டனில் புண்டலீக தாதா, கிருஷ்ண நாவி என்னும் இரு மல்லர் புரிந்த மல்யுத்தத்தை அவர் படம் பிடித்தார். அப்படச்சுருளைக் கழுவுதற்கு லண்டனுக்கே அனுப்ப வேண்டியிருந்தது. அடுத்து அவர் பிடித்தது தெருவில் வித்தை காட்டும் குரங்காட்டியை. அந்நியர் வாழ்வையே திரையில் கண்ட நம் நாட்டார்க்குத் தம் வீதியும் தம் மக்களுமே காட்சியாயின.

கேம்பிரிட்ஜ் கணிதப் பரீக்ஷையில் முதன்மை பெற்ற பராஞ்சபே 1901-ம் வருஷம் தாய்நாடு திரும்பியபோது மக்கள் அளித்த வரவேற்பையும், 1903-ம் வருஷத்து டில்லி தர்பாரையும் அவர் படமாக்கினார். பின்னர் கெயிட்டி நாடகசாலையை நடத்திச் செல்வமுற்று, 1958-ம் வருஷம் காலமானார்.

அந்தோ! அவர் பிடித்த படங்கள் இன்று எஞ்சவில்லை. பிடிப்பதைப் போலவே பேணுவதும் கடன் என்பதை இதனால் நாம் உணர்கிறோம். ஆதலின் சங்க அங்கத்தினர் தம் இல்லத்துப் பழைய படங்களின் பின்புறத்தில் பெயர், ஊர், வருஷம் இவற்றை முதியோரைக் கேட்டு இப்பொழுதே குறித்து வைப்பார்களாக.