ஜி.டி. நாயுடுவும் ரட்ஜ் மோட்டார் சைக்கிளும்

கோயமுத்தூருக்குக் கிழக்கே, சூலூரை அடுத்த கலங்கல் கிராமத்தில் 1893 மார்ச் 23-ஆம் தேதி பிறந்தவர் ஜி. துரைசாமி நாயுடு. பள்ளிக்கூடம் அவருக்குப் பிடிக்கவில்லை. வாத்தியார்களுக்கும் அவரைப் பிடித்ததாகத் தெரியவில்லை. சீக்கிரமே ஏட்டுப் படிப்புக்குத் தலை முழுகினார்.

ஒரு நாள் வெள்ளைக்கார ரெவினியூ அதிகாரி ஒருவர் ரட்ஜ் மோட்டார் சைக்கிளில் அந்தப் பக்கம் வந்தார். மாடும் இல்லை, குதிரையும் இல்லை. வண்டி மட்டும் ஓடுகிறது! அன்று பிடித்தது பித்து. கோவைக்குப் போய் ஓட்டலில் சர்வர் வேலை பார்த்துக் காசு சேர்த்தார். 300 ரூபாய் கொடுத்து ஒரு ரட்ஜ் வண்டியை வாங்கினார். ஏறிச் சவாரி செய்ததோடு நிற்கவில்லை. ஆணி வேறு அக்கு வேறாகக் கழற்றினார், மறுபடி பூட்டினார்.

கழற்றியவர் கண்ணில் பட்டவை ஓர் இரும்பு உருளையும், அதற்குள் போய் வரும் பிஸ்டனும்தான். பிஸ்டனைத் தள்ளுகிறவன் கண்ணுக்குத் தெரிய மாட்டான். அவன்தான் வாயு. நாம் சுவாசிக்கும் காற்றின் மூலக்கூறுகள் வினாடிக்குச் சுமார் 500 மீட்டர் வேகத்தில் பறந்து, சுவரில் மோதித் திரும்புகின்றன. சுவரில் எறிந்த களிமண் உருண்டை ஒட்டிக்கொள்ளும். ரப்பர் பந்தோ வந்த வேகத்தில் திரும்பும். வருகிற வேகத்தைத் தடுத்து, அதே வேகத்தை எதிர்த் திசையிலும் கொடுக்க வேண்டியிருப்பதால், பந்து சுவருக்குக் கொடுக்கும் உதை இரு மடங்கு. மூலக்கூறுகளும் பந்து ஜாதிதான். ஓட்டின் மேல் பெய்யும் பெருமழையில் தனித் துளியின் சத்தம் தெரியாமல் ஒரே இரைச்சலாகக் கேட்கிறதல்லவா? அப்படியே எண்ணற்ற உதைகள் சேர்ந்து ஒரே அழுத்தமாகின்றன. வேகம் இரு மடங்கானால் ஒவ்வோர் உதையும் இரு மடங்கு. உதைகளின் எண்ணிக்கையும் இரு மடங்கு. ஆக, அழுத்தம் நான்கு மடங்கு! உருளைக்குள் பெட்ரோல் ஆவி தீப்பற்றியதும் சூடு 2,000 டிகிரிக்கு மேல் ஏறுகிறது. மூலக்கூறுகள் வெறி கொண்டு மோதுகின்றன. பிஸ்டன் நகர்ந்துதானே ஆக வேண்டும்?

வாயுவின் அழுத்தத்துக்கு இந்தக் காரணத்தை டேனியல் பெர்னூலி என்னும் சுவிட்சர்லாந்து அறிஞர் 1738-லேயே எழுதி வைத்தார். நாயுடு என்ஜினைக் கற்றது புத்தகத்தில் அல்ல, கிரீஸ் படிந்த கைகளால்.

1920-ல் ஒரே ஒரு பஸ்ஸைப் பொள்ளாச்சிக்கும் பழனிக்கும் இடையே ஓட்டத் தொடங்கினார். யு.எம்.எஸ். என்ற பெயர் கொங்கு நாடெங்கும் பரவியது. 1937-ல் டி. பாலசுந்தரம் நாயுடுவுடன் சேர்ந்து மின்சார மோட்டார் செய்தார். இந்தியாவின் முதல் மோட்டார் என்று அது பெயர் பெற்றது. 1945-ல் கோவையில் தொழிற்கல்விக்கூடம் தோன்ற முன்னின்றார். என்ஜினீயருக்கு நாலு வருஷப் படிப்பு எதற்கு, இரண்டே போதும் என்பது அவர் கட்சி. மேலிடம் இசையவில்லை, அவர் விலகிக்கொண்டார்.

இதையெல்லாம்விடப் பெரிய ஏமாற்றம் பிறகு வந்தது. 1952-ல் இரண்டு பேர் உட்காரும் பெட்ரோல் கார் ஒன்றைச் செய்து காட்டினார். விலை 2,000 ரூபாய்தான். நடுத்தரக் குடும்பமும் ஆசைப்படக்கூடிய விலை. தயாரிக்க சர்க்கார் லைசென்ஸ் கொடுக்கவில்லை. உருளையும் பிஸ்டனும் தயார். கையெழுத்து ஒன்றுதான் பாக்கி! 1974 ஜனவரி 4-ஆம் தேதி நாயுடு காலமானார். அந்தக் கார் கடைசி வரை விற்பனைக்கு வரவே இல்லை.