பதக்கத்தில் பொறிக்கப்பட்ட நடிகரின் முகம்

இந்தியா விடுதலை பெற்ற சில ஆண்டுகளில், 1950-51 குளிர்காலத்தில், சோவியத் திரைக் கலைஞர்கள் இருவர் இந்நாட்டில் சுற்றுப்பயணம் செய்தனர். ஒருவர் இயக்குநர் புதோவ்கின். மற்றவர் நடிகர் நிக்கொலாய் செர்காசோவ். அப்போது செர்காசோவ் தமது நாட்டின் மிக உயர்ந்த கலை விருதுகளைப் பெற்றிருந்தார். அதே வேளையில், அவர் நடித்த மிகச் சிறந்த படங்களுள் ஒன்று அரசின் தடையால் முடங்கிக் கிடந்தது.

1903-இல் செயின்ட் பீட்டர்ஸ்பர்க் நகரில் ரயில்வே ஊழியர் ஒருவரின் மகனாகப் பிறந்தவர் செர்காசோவ். நெடிய, மெலிந்த உடல்வாகு கொண்ட அவர், தொடக்கத்தில் நகைச்சுவை நடன நிகழ்ச்சிகளால் மக்களைக் கவர்ந்தார். 1937-இல் வெளிவந்த 'பால்டிக் பிரதிநிதி' படத்தில், முப்பத்து மூன்று வயதிலேயே, புரட்சியை ஆதரிக்கும் முதிய பேராசிரியராக நடித்துப் பெரும் புகழ் எய்தினார்.

அடுத்த ஆண்டு, ஐசன்ஸ்டைன் இயக்கிய 'அலெக்சாண்டர் நெவ்ஸ்கி' படத்தில், ஜெர்மானியப் படையெடுப்பை முறியடித்த இளவரசராகத் தோன்றினார். 1939-இல் ஹிட்லருடன் மாஸ்கோ உடன்பாடு செய்துகொண்டதும் அப்படம் திரையரங்குகளிலிருந்து அகற்றப்பட்டது. 1941-இல் ஜெர்மனி படையெடுத்ததும் மீண்டும் திரைக்கு வந்தது. 1942-இல் படைத் தளபதிகளுக்காக நெவ்ஸ்கி பெயரில் பதக்கம் நிறுவப்பட்டபோது, அந்த இளவரசரின் காலத்து உருவப்படம் எதுவும் இல்லாததால், செர்காசோவின் முகமே அதில் பொறிக்கப்பட்டது.

ஐசன்ஸ்டைனின் 'கொடுங்கோலன் இவான்' படத்தில் ஜார் மன்னனாக நடித்தார். அதன் முதல் பாகத்துக்கு 1946-இல் ஸ்டாலின் பரிசு கிடைத்தது. மன்னனின் ஐயத்தையும் தனிமையையும், அவனது காவற்படையின் கொடுமையையும் காட்டிய இரண்டாம் பாகம் அதே ஆண்டு கண்டனத்துக்கு உள்ளாகித் தடை செய்யப்பட்டது.

1947 பிப்ரவரியில் இயக்குநரும் நடிகரும் கிரெம்ளினுக்கு அழைக்கப்பட்டனர். மொலோட்டோவ், ஷ்தானோவ் ஆகியோர் உடனிருக்க, இவானை உறுதியும் அறிவும் மிக்க ஆட்சியாளனாகவே காட்ட வேண்டும் என ஸ்டாலின் வலியுறுத்தினார். படத்தைத் திருத்த அனுமதி கிடைத்தது. ஆனால், 1948 பிப்ரவரியில் ஐசன்ஸ்டைன் காலமானார். திருத்தம் நடைபெறவே இல்லை.

செர்காசோவ் அரசை எதிர்த்து நின்றவர் அல்லர். உச்ச சோவியத்தின் உறுப்பினராகப் பணியாற்றியவர். அரசின் நம்பிக்கைக்கு உரியவராகவே விளங்கியவர். அத்தகைய செல்வாக்கும் அவரது படத்தைக் காப்பாற்றவில்லை என்பதே அக்காலச் சூழலின் கடுமையை உணர்த்துகிறது.

ஸ்டாலின் மறைந்து நான்கு ஆண்டுகளுக்குப் பின், 1957-இல், கோசின்ட்செவ் இயக்கத்தில் டான் குவிக்சோட்டாக நடித்தார். 1958-இல் இவான் படத்தின் இரண்டாம் பாகம் வெளியிடப்பட்டது. அதைக் காண இயக்குநர் இல்லை, நடிகர் இருந்தார். மரணத்தை எதிர்நோக்கும் அறிவியலாளராக 1963-இல் நடித்த படத்துக்காக, மறு ஆண்டு லெனின் பரிசு பெற்றார். 1966 செப்டம்பர் 14-இல் லெனின்கிராடில் காலமானார்.