கூத்துக்கு மேடை தந்த பேராசிரியர் சு. வித்தியானந்தன்

ஈழத்துத் தமிழர்க்கு நாடக மரபொன்று உண்டோ எனக் கற்றோர் ஐயுற்ற காலம் ஒன்றிருந்தது. இந்தியக் கம்பனி நாடகங்களைப் போற்றிய அவர்கள், கிராமத்துக் கூத்தைப் படியாதார் ஆட்டமென ஒதுக்கினர். அவ்வெண்ணத்தை மாற்ற உழைத்தோருள் முன்னிற்பவர் பேராசிரியர் சு. வித்தியானந்தன் ஆவார்.

அன்னார் 1924இல் யாழ்ப்பாணத்து வீமன்காமத்திற் பிறந்தார். இலங்கைப் பல்கலைக்கழகத்தில் தமிழ் பயின்று, இலண்டனில் கலாநிதிப் பட்டம் பெற்றார். மீண்டு வந்து ஆசிரியப் பணியேற்றபின், பேராசிரியர் க. கணபதிப்பிள்ளை பேச்சுத் தமிழில் யாத்த நாடகங்களை மாணவரைக் கொண்டு மேடையேற்றினார்.

1956இல் பேராசிரியர் சரச்சந்திர 'மனமே' என்னும் சிங்கள நாடகத்தை அரங்கேற்றினார். தமிழ்க் கூத்தோடு உறவுடைய 'நாடகம' என்னும் பழைய ஆடல்முறையே அதற்கு அடிப்படை. பிறர் அம்மரபினின்று புதுமை காணும்போது நம்மவர் வாளாவிருத்தல் தகுமோ? வித்தியானந்தன் வாளாவிருந்தாரல்லர். கலைக்கழகத் தமிழ் நாடகக் குழுவின் தலைவராய் ஊரூராகச் சென்றார்; கூத்துப் போட்டிகள் நடத்தினார்; அண்ணாவிமாரை அவையேற்றிச் சிறப்பித்தார்.

1962இல் பேராதனையில் 'கர்ணன் போர்' உருப்பெற்றது. மட்டக்களப்பு வடமோடிக் கூத்து விடியுமட்டும் வட்டக்களரியில் ஆடப்படுவது. அதனை அவர் ஏறத்தாழ இரண்டு மணி நேரத்துள் அடக்கினார். மீள மீள வரும் பாடல்களைக் குறைத்தார். ஒருபுறம் திறந்த மேடைக்கேற்ப ஆட்டங்களை அமைத்தார். ஆயினும் மத்தளமும் தாளமும் தாளக்கட்டும் மாறவில்லை. ஆடக் கற்பித்தவர் கிராமத்து அண்ணாவியார். கற்றோர் பல்கலைக்கழக மாணவர். பேராசிரியர் செய்த பெரும் புரட்சி இதுவே என்போம். நொண்டி நாடகம், இராவணேசன், வாலி வதை என்பன அடுத்து வந்தன.

சுருக்கத்தாற் கூத்தின் இயல்பு குன்றியது என்பாருமுளர். விடியும்வரை ஊரார் கூடியிருக்கும் உறவை மேடை தரமாட்டாது என்பது உண்மையே. எனினும், அம்மேடையிற் பயின்ற சி. மௌனகுரு முதலியோர் பின்னர் தொழிலாளர் வாழ்வையும் கூத்து வடிவிற் பாடினர். மரபு மாண்டிருப்பின் அது கைகூடியிராது.

1979இல் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் முதல் துணைவேந்தரான பெருமகனார் 1989இல் மறைந்தார்.

ஊவாவில் வாழும் நமக்கு இவ்வரலாறு அயலதன்று. மாசி மாதத்தில் தோட்டத்து லயங்களின் முன்னே தப்பொலிக்கக் காமன் கூத்து ஆடப்படுகின்றது. அருச்சுனன் தபசும் பொன்னர் சங்கரும் நம் மூதாதையர் கடல் கடந்து கொணர்ந்த செல்வங்கள். அவற்றை முழுமையாகப் பாடவல்ல முதியோர் தொகை ஆண்டுதோறும் அருகி வருகின்றது. பாடசாலையிற் கற்ற பிள்ளை அவ்வாட்டத்தைக் கண்டு நாணுமாயின், அது நாம் கற்பித்த கல்வியின் குறையேயாம்.

மாணவர்காள்! அம்முதியோர்பாற் சென்று அமர்மின், பாடல்களை எழுதிக்கொள்மின், அடவுகளைப் பழகுமின். பழைய மாணவர்காள்! அவர்களை நம் கல்லூரி மண்டபத்துக்கு ஆசான்களாக அழைத்து வாருங்கள். பேராசிரியர்க்கு நாம் செலுத்தத்தக்க கைம்மாறு இதுவே.