கீழப்பழுவூர் சின்னசாமி: தீயை நினைத்தவர்கள் மறந்த வாழ்வு

ஆண்டுதோறும் சனவரி 25 அன்று தமிழ்நாட்டின் கட்சி மேடைகளில் கீழப்பழுவூர் சின்னசாமியின் பெயர் தவறாமல் ஒலிக்கிறது. அவரது இறுதி நாளை அறிந்த அளவுக்கு அவரது வாழ்வை நாம் அறிந்திருக்கிறோமா?

அரியலூர் அருகேயுள்ள கீழப்பழுவூரில் 1937இல் எளிய உழவர் குடும்பத்தில் பிறந்தவர் சின்னசாமி. பள்ளிப் படிப்பு ஐந்தாம் வகுப்போடு நின்றது. திராவிட முன்னேற்றக் கழகத்தின்பால் ஈர்க்கப்பட்ட அவர், தம் மகளுக்குத் திராவிடச்செல்வி எனப் பெயரிட்டார். 1963இல் ஆட்சிமொழிச் சட்டம் நிறைவேறியது. 1965 சனவரி 26 முதல் இந்தியே ஒன்றியத்தின் ஆட்சிமொழியாகிவிடும் என்ற அச்சம் தமிழ்நாடெங்கும் பரவியிருந்தது. அந்தச் சூழலில், 1964 சனவரி 25 அன்று திருச்சி தொடர்வண்டி நிலையத்தில் சின்னசாமி தீக்குளித்து உயிர்நீத்தார். மனைவி கமலமும் குழந்தையும் ஆதரவின்றி நின்றனர்.

மறு ஆண்டு மாணவர் போராட்டம் வெடித்தது. 1967இல் ஆட்சி மாறியது. 1968இல் இருமொழிக் கொள்கை சட்டமன்றத் தீர்மானமாயிற்று. வென்ற இயக்கத்துக்கு வீரர்கள் தேவைப்பட்டனர். சின்னசாமி மொழிப்போரின் முதல் ஈகியாகப் பலரால் போற்றப்பட்டார்.

அந்த வரிசை பிழையானது. கால் நூற்றாண்டுக்கு முன்னரே, 1939 சனவரி 15 அன்று, இந்தித் திணிப்பை எதிர்த்துச் சிறைசென்ற சென்னை தலித் இளைஞர் நடராசன் உயிர்நீத்துவிட்டார். அவருக்குப் பின், அதே ஆண்டு மார்ச்சில், தாளமுத்து இறந்தார். ஆயினும் எழும்பூரிலுள்ள அரசு மாளிகையின் பெயரில் தாளமுத்து முன்னும் நடராசன் பின்னுமே நிற்கின்றனர். இறப்பிலும் வரிசை வகுக்கும் சமூகம் இது.

1949 நவம்பர் 25 அன்று அரசியல் நிர்ணய சபையில் பேசிய அண்ணல் அம்பேத்கர், அரசியலில் வீரவழிபாடு சீரழிவுக்கும் சர்வாதிகாரத்துக்கும் வழிவகுக்கும் என எச்சரித்தார். இறந்தவரை வழிபடுவதிலும் அந்த ஆபத்து உண்டு. இறந்தவர் எதிர்க்கேள்வி கேட்பதில்லை. எனவே அவர் பெயரால் எவரும் எதையும் பேசலாம்.

சின்னசாமியின் ஈகத்தை நாம் குறைத்து மதிப்பிடவில்லை. ஆனால் இனியோர் இளைஞர் தம்மை எரித்துக்கொள்வதை வீரமெனக் கொண்டாட நாம் ஆயத்தமாக இல்லை. உரிமைக்கான போருக்கு உயிரோடிருக்கும் போராளிகளே தேவை. சனவரியில் கல்லூரிகளில் கூடும் மாணவர்கள் நடராசனின் பெயரை முதலில் சொல்லட்டும். பின்னர் சின்னசாமியின் பெயரோடு கமலத்தையும் நினைவுகூரட்டும். வரலாற்றை நேர்செய்யும் பணி அங்கிருந்து தொடங்கலாம்.