கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன்: சிரிப்புக்கு ஒரு டைரக்டர்

காட்டாக்கடை:

பாறசாலை, நெய்யாற்றின்கரை, காட்டாக்கடை வட்டாரத்துத் தமிழர்களுக்கு நாகர்கோவில் வெளியூர் அல்ல. பெண் கொடுப்பதும் எடுப்பதும், கோவில் கொடைக்குப் போவதும் வருவதும் களியக்காவிளையைத் தாண்டித்தான். 1956-ம் ஆண்டு நவம்பர் 1-ந் தேதி வரை எல்லைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஒரே ராஜ்யமாக இருந்தன. அந்த ராஜ்யத்தில் பிறந்து, தமிழ் பேசும் உலகம் முழுவதையும் சிரிக்க வைத்தவர் கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன்.

அவரைச் சிரிப்பு நடிகர் என்று எல்லோருக்கும் தெரியும். அவர் ஒரு டைரக்டர் என்பது பலருக்கு மறந்துவிட்டது. இரண்டு முழுநீளப் படங்களை அவர் டைரக்ட் செய்தார். அதற்கு 15 ஆண்டுகளுக்கு முன்பிருந்தே, மற்றவர்கள் எடுத்த படங்களில் சிரிப்புப் பகுதிக்கு உண்மையான டைரக்டர் அவர்தான். படத்தின் பெயர்ப் பட்டியலில் அது வரவில்லை, அவ்வளவுதான்.

கொட்டகை வாசலில்

நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் 1908-ம் ஆண்டு நவம்பர் 29-ந் தேதி கிருஷ்ணன் பிறந்தார். தந்தை சுடலைமுத்துப் பிள்ளை, தாயார் இசக்கியம்மாள். வீட்டில் வறுமை. நாலாம் வகுப்போடு படிப்பு நின்றது. டென்னிஸ் விளையாடும் இடத்தில் பந்து பொறுக்கிக் கொடுத்தார். நாடகக் கொட்டகையில் சோடாவும் தின்பண்டமும் விற்றார். விற்கப் போன பையன் விற்பனையை விட்டுவிட்டு மேடையைப் பார்த்துக்கொண்டு நின்றான். அங்கேதான் அவனுடைய பள்ளிக்கூடம் தொடங்கியது.

இன்னொரு பள்ளிக்கூடம் வில்லுப்பாட்டு. தென் திருவிதாங்கூரில் அம்மன் கோவில் கொடை என்றால் வில்லுப்பாட்டு இல்லாமல் நடக்காது. நெய்யாற்றின்கரைப் பக்கத்திலும் அந்தக் கலை உண்டு. வில்லின் முன்னால் இருப்பவர் கதையை இழுத்துச் செல்வார். பக்கத்தில் இருப்பவர் ஆமாம் போடுவார். கேட்கிறவர்கள் மனதில் எழும் சந்தேகத்தை அவர்களுக்கு முன்பே கேட்டுவிடுவார். பிற்காலத்தில் சினிமாவில் கிருஷ்ணனும் டி.ஏ.மதுரமும் பேசிக்கொண்ட முறையைக் கவனித்தால், இந்த வில்லுப்பாட்டுக் கட்டு அதில் இருப்பது தெரியும். ஒருவர் அளப்பார், மற்றவர் குத்திக் கேட்பார். பாட்டும் பேச்சும் ஒன்றோடொன்று கலந்து வரும்.

பிறகு அவர் டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் சேர்ந்தார். சகோதரர்களின் பெயருக்கு முன்னால் நிற்கும் முதல் எழுத்து திருவனந்தபுரத்தைக் குறிப்பது. 1925-ல் தொடங்கிய அந்தக் குழுவில் ஒழுங்கு மிகக் கடுமை. கிருஷ்ணன் தம் வேடத்தோடு நிற்கவில்லை. எல்லாருடைய பாடமும் அவருக்கு மனப்பாடம். யாராவது வராவிட்டால் அந்த வேடத்தில் போய் நிற்பார். நாடகம் முழுவதையும் தலைக்குள் வைத்திருப்பவன்தான் நாளைக்கு டைரக்டர் ஆகமுடியும்.

படத்துக்குள் ஒரு படம்

1935-ல் ராஜா சாண்டோ டைரக்ட் செய்த மேனகா படத்திலும், 1936-ல் எல்லிஸ் ஆர்.டங்கன் டைரக்ட் செய்த சதி லீலாவதி படத்திலும் கிருஷ்ணன் நடித்தார். டங்கன் அமெரிக்கர். தமிழ் தெரியாது. காமிராவை எங்கே வைப்பது, வெளிச்சம் எப்படி விழவேண்டும் என்பதில் அவர் நிபுணர். ஆனால் எந்தச் சொல்லுக்குத் தமிழன் சிரிப்பான் என்பதை அவர் எப்படி அறிவார்? அம்பிகாபதி (1937), சகுந்தலை (1940) ஆகிய படங்களிலும் டங்கனோடு கிருஷ்ணன் பணியாற்றினார்.

அக்காலத்தில் டங்கன் மட்டுமல்ல, மற்ற டைரக்டர்களும் சிரிப்புப் பகுதியைக் கிருஷ்ணன் பொறுப்பிலேயே விட்டார்கள். அவரே காட்சியை யோசிப்பார். பேச்சை அமைப்பார். டி.எஸ்.துரைராஜ், புளிமூட்டை ராமசாமி போன்ற தம் கூட்டாளிகளுக்கு வேடம் பிரிப்பார். ஒத்திகை பார்ப்பார். பிறகே காமிரா ஓடும். ஒரு படத்துக்குள் அவர் ஒரு சின்னப் படம் எடுத்தார் என்று சொன்னால் தவறில்லை. பெரிய படம் சுமாராக இருந்தாலும் அந்தச் சின்னப் படத்துக்காக ஜனங்கள் டிக்கெட் வாங்கினார்கள்.

1936-ல் வெளிவந்த வசந்தசேனா படத்துக்காகப் புனா சென்றபோது மதுரம் அவருக்கு அறிமுகமானார். திரையிலும் வாழ்க்கையிலும் இருவரும் ஜோடியானார்கள். சிரிப்புக் காட்சியில் பெண் என்றால் அடி வாங்குவதற்கு மட்டும் என்றிருந்த நாளில், மதுரத்துக்குச் சமமான பேச்சு கிடைத்தது. பல காட்சிகளில் மதுரம் கெட்டிக்காரி, கிருஷ்ணன் அசடு. அப்படி அமைத்தவரும் கிருஷ்ணன்தான்.

அவருடைய சிரிப்புக்கு ஒரு வரம்பு உண்டு. நொண்டியையும் குருடனையும் ஏழையையும் காட்டிச் சிரிக்க வைப்பது அவர் வழி அல்ல. போலிச் சாமியார், கஞ்சன், சாதித் திமிர் பிடித்தவன், குடித்து விட்டு ஆடுகிறவன், இவர்கள்தான் அவர் கையில் அகப்படுவார்கள். பெரும்பாலும் தம்மையே முட்டாளாகக் காட்டிக்கொண்டு எதிராளியின் குறையைச் சொல்லிவிடுவார். அதனால் அடிபட்டவனும் சேர்ந்து சிரித்தான்.

சிரிப்பு நின்ற 28 மாதங்கள்

புகழின் உச்சியில் இருந்தபோது இடி விழுந்தது. 1944 நவம்பர் 8-ந் தேதி சென்னை வேப்பேரியில் பத்திரிகையாளர் லட்சுமிகாந்தன் கத்தியால் குத்தப்பட்டு, மறுநாள் இறந்தார். நட்சத்திரங்களின் சொந்த வாழ்க்கையைப் பற்றி எழுதி வந்தவர் அவர். அந்த வழக்கில் டிசம்பர் மாதம் எம்.கே.தியாகராஜ பாகவதரும் கிருஷ்ணனும் கைதானார்கள். 1945-ல் சென்னை ஐகோர்ட்டில் ஜூரிகள் முன்னால் விசாரணை நடந்து, இருவருக்கும் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. அப்பீலும் தள்ளுபடியானது.

இரவும் பகலும் கூட்டம் சூழ்ந்திருந்த மனிதர் கம்பிக்குப் பின்னால் போனார். வெளியே மதுரம் தளரவில்லை. வழக்குக்குப் பணம் வேண்டும். நம்பியிருந்த நாடகக் குழுவினருக்குச் சோறு வேண்டும். எஸ்.வி.சகஸ்ரநாமம் துணை நின்று நாடகங்களை நடத்தினார். பைத்தியக்காரன் என்ற படமும் தயாராயிற்று. வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை சென்றது. அப்பீலை மறுபடியும் விசாரிக்கும்படி அங்கே உத்தரவாயிற்று. 1947 ஏப்ரலில் சென்னை ஐகோர்ட்டு இருவரையும் குற்றமற்றவர்கள் என விடுதலை செய்தது.

பாகவதரின் சினிமா வாழ்வு அதற்குப்பின் பழைய நிலைக்கு வரவில்லை. கிருஷ்ணன் மீண்டார். பைத்தியக்காரன் படத்தில் அவருக்கென்று காட்சிகள் சேர்க்கப்பட்டன. எஸ்.எஸ்.வாசன் தமது சந்திரலேகா (1948) படத்தில் கிருஷ்ணனுக்கும் மதுரத்துக்கும் இடம் கொடுத்தார். ஜெயிலுக்குப் போய்வந்த நடிகரைப் பார்த்து மக்கள் மறுபடியும் சிரிப்பார்களா என்று அஞ்சியவர்களுக்குக் கொட்டகைகளில் விடை கிடைத்தது. அவர் சிரிப்பில் கசப்பு ஏறவில்லை. அதுதான் பெரிய விஷயம்.

டைரக்டர் நாற்காலியில்

1949-ல் அவருடைய சொந்தக் கம்பெனி எடுத்த நல்லதம்பி வெளிவந்தது. கதை வசனம் சி.என்.அண்ணாதுரை. டைரக்ஷன் கிருஷ்ணன்-பஞ்சு. அந்தப் படத்தில்தான் உடுமலை நாராயண கவி எழுதிய கிந்தனார் கதாகாலட்சேபம் வந்தது. நந்தனார் சிதம்பரம் போக ஆசைப்பட்டார். கிந்தன் பள்ளிக்கூடம் போக ஆசைப்படுகிறான். பக்திக் கதையின் அதே மெட்டு, அதே தோரணை. விஷயம் மட்டும் எழுத்தறிவு. ஒடுக்கப்பட்ட சாதியில் பிறந்த பையன் படித்து அதிகாரியாகி ஊருக்குத் திரும்புவதைக் கேட்டு சபை சிரித்தது. சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தது.

1951-ல் மணமகள் படத்தின் மூலம் அவர் முறைப்படி டைரக்டரானார். அந்தப் படத்தின் மூலம் முன்ஷி பரமு பிள்ளையின் சுப்ரபா என்ற மலையாள நாடகம். வசனம் மு.கருணாநிதி. கதாநாயகி திருவனந்தபுரத்துப் பத்மினி. அவருடைய அக்காள் லலிதாவும் நடித்தார். சி.ஆர்.சுப்பராமன் இசையில் பாரதியாரின் கண்ணம்மா பாட்டு ராகமாலிகையாக ஒலித்தது. மலையாள நாடகம், தமிழ் வசனம், திருவனந்தபுரத்துச் சகோதரிகள், நாகர்கோவில் டைரக்டர்! இரண்டு மொழியும் காதில் விழ வளர்ந்தவருக்கு இந்தச் சேர்க்கை இயல்பாக வந்தது.

அதே 1951-ல் அவர் சோவியத் நாடு சென்று வந்தார். அடுத்த ஆண்டு பணம் படத்தை டைரக்ட் செய்தார். பராசக்தியை அடுத்து சிவாஜி கணேசன் நடித்து வெளிவந்த படம் அது. வரதட்சணைப் பேராசை ஒரு குடும்பத்தை எப்படிக் கெடுக்கிறது என்பது கதை. விஸ்வநாதன்-ராமமூர்த்தி இரட்டையர் சேர்ந்து இசையமைத்த முதல் படமும் இதுவே. அவர்களில் எம்.எஸ்.விஸ்வநாதன் பாலக்காட்டுப் பக்கத்து எலப்புள்ளியில் பிறந்தவர்.

இந்தப் படத்தில் தி.மு.க. என்ற மூன்று எழுத்தை வைத்து ஒரு பாட்டு உண்டு. கட்சிப் பெயர் கூடாது என்று தணிக்கை அதிகாரிகள் தடுத்தார்கள். கிருஷ்ணன் சண்டைக்குப் போகவில்லை. அந்த மூன்று எழுத்துக்குத் திருக்குறள் முன்னணிக் கழகம் என்று விரிவு சொல்லிவிட்டார். திருவள்ளுவரை யார் தடுப்பது? பாட்டு நின்றது. கேட்டவர்களுக்கும் புரிந்தது.

மேடையிலும் அதே கைவரிசைதான். 1957 தேர்தலில் காஞ்சிபுரத்தில் அண்ணாவுக்கு ஆதரவாகப் பேச வந்தவர், எதிர்த்து நின்ற டாக்டரைப் புகழ ஆரம்பித்தார். கைராசிக்காரர், ஏழைகளுக்கு வைத்தியம் பார்ப்பவர் என்று அடுக்கினார். கூட்டம் திகைத்தது. கடைசியில், இப்படிப்பட்ட நல்ல டாக்டரைச் சென்னைக்கு அனுப்பிவிட்டால் ஊரில் நோயாளிகளை யார் பார்ப்பது, அவரை இங்கேயே வைத்துக்கொண்டு அண்ணாவைச் சட்டசபைக்கு அனுப்புங்கள் என்று முடித்தார். எதிர்த்தரப்பைப் பற்றி ஒரு கெட்ட வார்த்தை வரவில்லை. அண்ணா வென்றார்.

கொடுத்தே தீர்ந்த பணம்

பணம் என்று படம் எடுத்தவரின் கையில் பணம் தங்கவில்லை. கேட்டவர்க்கெல்லாம் கொடுத்தார். கல்யாணச் செலவு, வைத்தியச் செலவு, நொடித்துப்போன நடிகர்களின் வீட்டுச் செலவு என்று போனது. நாகர்கோவிலில் மகாத்மா காந்திக்குத் தம் செலவில் நினைவுத்தூண் எழுப்பினார். ஒழுகினசேரியில் கட்டிய வீட்டுக்கு மதுரபவனம் என்று பெயர். கடைசி ஆண்டுகளில் வருமானம் குறைந்தபோதும் கொடுப்பது குறையவில்லை. கொடை என்று புகழ்கிறோம். ஆனால் அதன் பாரத்தைத் தாங்கியது மதுரமும் குடும்பமும் என்பதையும் சொல்லவேண்டும்.

1957 ஆகஸ்டு 30-ந் தேதி சென்னையில் அவர் காலமானார். வயது 48. 1937-ல் அம்பிகாபதியில் நடித்தவர், 20 ஆண்டு கழித்துச் சிவாஜி நடித்த அம்பிகாபதியிலும் நடித்திருந்தார். அந்தப் படம் அக்டோபர் மாதம் வெளிவந்தபோது அவர் இல்லை. திரையில் அவரைப் பார்த்துச் சிரித்தவர்கள், சிரித்த மறுகணம் மௌனமானார்கள்.

1969 ஜனவரி 14-ந் தேதி சென்னை தியாகராய நகரில் அவர் சிலையை முதலமைச்சர் அண்ணா திறந்துவைத்தார். நோயுற்றிருந்த அண்ணா கலந்துகொண்ட கடைசிப் பொது நிகழ்ச்சி அதுதான். 1974-ல் சென்னை பாலர் அரங்கத்துக்குக் கலைவாணர் அரங்கம் என்று பெயர் சூட்டப்பட்டது. அந்தக் கட்டிடம் இடிக்கப்பட்டுப் புதிய கட்டிடம் எழுந்த பிறகும் பெயர் மாறவில்லை.

அவர் பிறந்த நாளில் நாகர்கோவிலுக்கு ரயில் கிடையாது. இறந்த நாளிலும் கிடையாது. திருவனந்தபுரத்திலிருந்து பாறசாலை வழியாக நாகர்கோவிலுக்கு ரயில் ஓடத் தொடங்கியது 1979-ல்தான். ஊரை விட்டு வெளியே போக ஒரு தண்டவாளம்கூட இல்லாத காலத்தில், சோடா விற்ற பையன் ஒருவன் வில்லுப்பாட்டை மூலதனமாக எடுத்துக்கொண்டு அவ்வளவு தூரம் போனான். எல்லைக்கு இந்தப் பக்கம் மலையாளப் பள்ளியில் படித்துக்கொண்டு வீட்டில் தமிழ் பேசும் பிள்ளைகளுக்கு இந்தக் கதையைச் சொல்லலாம். இரண்டு மொழி தெரிவது பாரம் அல்ல. கலைவாணருக்கு அது கைமுதலாக இருந்தது.